சிட்டுக்குருவி

கோலா கெடாவின் கடைத்தெருவிலும் வயலோரங்களிலும் வாழும் சிட்டுக்குருவியை அறியாதார் யார்? இதன் உச்சந்தலை செம்பழுப்பு நிறமானது; வெண்ணிறக் கன்னத்தில் கரும்புள்ளி உண்டு. நம் முன்னோர் தமிழகத்தில் கண்ட குருவி வேறு இனம். அதில் ஆணும் பெண்ணும் நிறத்தால் வேறுபடும். இதில் இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும்.

இது கூரை இடுக்குகளில் வைக்கோலும் இறகும் கொண்டு கூடு கட்டும். ஆணும் பெண்ணும் மாறி மாறி அடைகாக்கும். ஏறத்தாழ 12 நாள்களில் குஞ்சுகள் வெளிவரும்.

நெல்மணியைக் கொத்துவதால் இதனைப் பகையென்பர் சிலர். ஆயினும், குஞ்சுகளுக்கு இது பெரும்பாலும் புழுபூச்சிகளையே ஊட்டுகிறது. 1958இல் சீனாவில் இதே இனக் குருவிகளைப் பெருமளவில் கொன்றனர். பயிரை அழிக்கும் பூச்சிகள் பெருகின. 1960இல் அவ்வேட்டை கைவிடப்பட்டது.

ஆகவே, மாணவர்களே! உண்டிவில்லால் குருவியை அடிக்காதீர்கள், கூட்டைக் கலைக்காதீர்கள். அது கொத்தும் சில மணிகள், வயலைக் காத்ததற்கான கூலியே.