மறைந்தவர்க்குப் படையல்: மெக்சிகோ சந்தையில் கண்ட வியாபாரப் பாடம்

பண்டிகைச் சரக்குக் கொள்முதல் குறித்து இப்பகுதியில் முன்னரும் எழுதியிருக்கிறோம். தீபாவளிக்கு எத்தனை மூட்டை கடலை மாவு, பொங்கலுக்கு எத்தனை சிப்பம் வெல்லம் என்ற கணக்கு வணிகப் பெருமக்கள் அறியாததல்ல. இம்முறை கடல் கடந்த ஒரு நாட்டின் பண்டிகைச் சந்தையை நேரில் பார்த்து வந்ததை எழுதுகிறோம். சுற்றுலாக் கதை என்று ஒதுக்காமல் படிக்க வேண்டுகிறோம். நம் தராசுக்கும் கல்லாவுக்கும் சம்பந்தப்பட்ட சங்கதி இதில் உண்டு.

2023 அக்டோபர் கடைசி வாரம் நாங்கள் மூன்று மளிகை மொத்த வியாபாரிகள், குடும்பத்தாருடன் மெக்சிகோவின் தென்பகுதியிலுள்ள வஹாக்கா நகருக்குச் சென்றோம். எங்களில் ஒருவரின் மகன் அமெரிக்காவில் டெக்சாஸ் மாநிலத்தில் வேலையிலிருக்கிறார். அவர்தான் ஏற்பாடு செய்தார். அங்கே நவம்பர் 1, 2 தேதிகள் இறந்தோர் திருநாள். முதல் நாள் இறந்த குழந்தைகளுக்கு, இரண்டாம் நாள் பெரியவர்களுக்கு. கிறிஸ்தவ சபையின் கல்லறைத் திருநாளும், அதற்கு முன்பிருந்தே அம்மண்ணின் மக்கள் கொண்டாடிய மூதாதையர் வழிபாடும் கலந்து உருவான பண்டிகை. 2008-ல் யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் இதைச் சேர்த்தது. அழுது புலம்பும் நாள் என்று எண்ணிச் சென்ற எங்களுக்கு வியப்பாக இருந்தது. விருந்தாளி வரும் வீட்டின் பரபரப்பே எங்கும் தெரிந்தது.

முதலில் வழிகாட்டி விஷயம். முதல் நாள் எங்களை அழைத்துச் சென்றவர் காலை ஒரு மதுக்கடை, மதியம் ஒரு கம்பளிக் கடை, மாலை ஒரு வெள்ளி நகைக்கடை என்று ஒவ்வொன்றிலும் ஒரு மணி நேரம் உட்கார வைத்தார். வேனை எந்தக் கடை வாசலில் நிறுத்தினால் ஓட்டுநருக்கு என்ன கிடைக்கும் என்பது நமக்குத் தெரியாதா? அன்று மாலையே கணக்கை முடித்து அனுப்பிவிட்டோம். தங்கியிருந்த விடுதியின் வீட்டுக்கார அம்மாள் உள்ளூர்ப் பெண்மணி ஒருவரைச் சேர்த்துவிட்டார். நாள் கூலி இவ்வளவு, கடைகளில் கமிஷன் கிடையாது, காலையில் முதலில் சந்தைக்குத்தான் போக வேண்டும் என்று பேசிக்கொண்டோம். வெளியூரில் வழிகாட்டி அமர்த்துபவர்கள் இதை முதல் நாளே பேசிவிடுவது நல்லது. நாங்கள் ஒரு நாளை இழந்துதான் கற்றோம்.

வஹாக்கா பள்ளத்தாக்கில் நம் ஊர் வாரச் சந்தை போலவே ஒவ்வொரு நாளும் ஓர் ஊரில் சந்தை கூடுகிறது. ஞாயிறு த்லாகோலுலா, புதன் எத்லா, வியாழன் சாச்சிலா, வெள்ளி ஒகோத்லான், சனிக்கிழமை வஹாக்கா நகரம். திருநாளுக்கு முந்தைய சந்தையை இறந்தோர் சந்தை என்றே அழைக்கிறார்கள். அக்டோபர் 28 சனிக்கிழமை நகரின் மொத்த மார்க்கெட்டிலும், மறுநாள் த்லாகோலுலாவிலும் நின்றோம்.

சரக்கைச் சொல்கிறோம். செண்டுமல்லி லாரி லாரியாக வந்து இறங்குகிறது. இந்தப் பூவின் தாயகமே மெக்சிகோதான். நம் ஆயுத பூஜைக்கு மூட்டையாக வாங்கும் அதே பூ. அவர்களுடைய பழைய மொழியில் அதன் பெயருக்கு இருபது பூ என்று பொருளாம், இதழ் அடர்த்தியைச் சொல்வது. கூடவே கோழிக்கொண்டைப் பூ. படையல் மேடைக்கு மேல் வளைவு கட்டக் கரும்பு. ஆரஞ்சு, நிலக்கடலை, பூசணி, மெழுகுவர்த்தி, மண் தூபக்கால். சாம்பிராணி போன்ற ஒரு மரப் பிசினைக் கோபல் என்கிறார்கள். எங்கள் காதில் கோபால் என்றே விழுந்தது. சர்க்கரையில் வார்த்த மண்டையோடுகளும் உண்டு. நெற்றியில் பெயர் எழுதி, உயிரோடிருக்கும் நண்பருக்கே பரிசாகக் கொடுக்கிறார்கள். கோபப்படுவதில்லை.

முட்டை நிறையச் சேர்த்த ஒரு ரொட்டி இந்த நாளுக்கென்றே சுடப்படுகிறது. மாவில் செய்து வண்ணம் தீட்டிய சிறு முகமொன்றை அதன் மேல் பதிக்கிறார்கள். மார்க்கெட்டில் ரொட்டிக்கென்றே ஒரு பகுதி முழுவதும் இருக்கிறது.

இதில் வியாபாரக் கணக்கைக் கவனியுங்கள். பூ இரண்டாம் தேதி மாலைக்குப் பின் குப்பை. ரொட்டி சில நாள் தாங்கும். கோபல், மெழுகுவர்த்தி, தூபக்கால் விற்காவிட்டால் அடுத்த ஆண்டுக்கும் ஆகும். அழுகும் சரக்கையும் நிற்கும் சரக்கையும் ஒரே கடையில் கலந்து வைத்திருப்பவரே நிம்மதியாக இருந்தார். பூவை மட்டும் வைத்திருந்தவர்கள் வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மிளகாய்க் கடைகளில்தான் எங்களுக்கு நேரம் போனது தெரியவில்லை. மிளகாய் அமெரிக்கக் கண்டத்திலிருந்து போர்த்துகீசியர் வழியாகப் பதினாறாம் நூற்றாண்டில் நம் நாட்டுக்கு வந்த சரக்கு. தாய்வீட்டுக்குப் போன மாதிரி இருந்தது. நாம் குண்டு, சம்பா என்று பிரித்து, காரத்தையும் நிறத்தையும் பார்த்து விலை சொல்கிறோம். அவர்கள் புகை வாசனைக்கு ஒன்று, குழம்பின் கருமைக்கு ஒன்று, இனிப்புச் சாயலுக்கு ஒன்று என்று விற்கிறார்கள். சில்வாக்ளே என்ற கறுப்பு மிளகாய் அம்மாநிலத்தின் ஒரு சிறு பகுதியில்தான் விளைகிறது, மற்றவற்றைவிட விலை மிகமிக அதிகம். திருநாள் விருந்துக்கான கறுப்பு மோலே குழம்புக்கு அதுதான் வேண்டும் என்று விலையைப் பார்க்காமல் வாங்குகிறார்கள்.

மார்க்கெட்டுக்கு அருகே மினா தெருவில் சாக்லேட் மில்கள் வரிசையாக இருக்கின்றன. நம் ஊர் மாவு மில்லைப் போன்றவைதாம். வாடிக்கையாளர் கொக்கோ இவ்வளவு, சர்க்கரை இவ்வளவு, பாதாம் இவ்வளவு, பட்டை இவ்வளவு என்று சொல்ல, கண்ணெதிரே எடைபோட்டு அரைத்துக் கொடுக்கிறார்கள். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு விகிதம். பாட்டி சொன்ன விகிதத்தில்தான் பாட்டியின் படையலுக்கு அரைக்க வேண்டுமாம். அதில் போடும் பட்டை நம் பக்கத்துச் சரக்கு. இலங்கையின் சுருள் பட்டையை மிக அதிகமாக வாங்கும் நாடு மெக்சிகோ. கொழும்பில் மூட்டை கட்டிய பட்டையை வஹாக்காவில் மோந்து பார்த்தபோது தொழில்காரர்களுக்கே உரிய ஒரு சந்தோஷம்.

நாங்கள் முக்கியமாகச் சொல்ல வந்தது இனிமேல்தான்.

விடுதி அம்மாளின் கூடத்தில் படையல் மேடை தயாராகிக்கொண்டிருந்தது. தண்ணீர், உப்பு, மெழுகுவர்த்தி, அவருடைய பெற்றோரின் படங்கள். தங்கியிருப்பவர்களும் தங்கள் பெரியவர்களின் படத்தை வைக்கலாம் என்று வழிகாட்டிப் பெண்மணி மூலம் சொன்னார். எங்களில் ஒருவர் 2021-ல் கொரோனாவில் தம்பியைப் பறிகொடுத்தவர். இருவரும் சேர்ந்து முப்பது வருடம் கடை நடத்தியவர்கள். கடைசியாக முகம் பார்க்கவும் அனுமதி கிடைக்கவில்லை. மருத்துவமனையிலிருந்து நேரே தகன மேடைக்குப் போய்விட்டார். நண்பர் அதைப் பற்றி எங்களிடம்கூடப் பேசமாட்டார். அன்று சட்டைப்பையிலிருந்து ஒரு சிறு புகைப்படத்தை எடுத்துக் கொடுத்தார்.

அம்மாள் படத்தைப் பார்த்துவிட்டு ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "இவருக்குச் சாப்பிட என்ன பிடிக்கும்?"

நண்பர் யோசித்துவிட்டு, கடலைமிட்டாய் என்றார். கடையில் ஜாடியைத் திறந்து திறந்து தம்பியே பாதியைத் தின்றுவிடுவாராம். அதை எப்படி மொழிபெயர்ப்பது என்று நாங்கள் விழித்தோம். நிலக்கடலை, வெல்லப் பாகு என்று வழிகாட்டிப் பெண்மணிக்கு விளக்கியதும், "பலன்கெத்தா!" என்று சிரித்தார். அச்சாக அதே பண்டம் அங்கே தெருவெல்லாம் விற்கிறது. அவர்களுக்கும் அச்சுவெல்லம் உண்டு. நண்பர் தாமே போய் வாங்கி வந்து மேடையில் வைத்தார்.

மறுநாள் சந்தையில் நின்று கவனித்தபோதுதான் புரிந்தது. கடைக்காரர்கள் வருகிறவர்களிடம் அதே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அப்பாவுக்கு எந்தச் சிகரெட், மாமாவுக்கு எந்தச் சோடா, குழந்தைக்கு எந்த மிட்டாய். பண்டிகைக்கென்று தனியாக வந்த சரக்கு மட்டுமல்ல, வருடம் முழுவதும் அலமாரியில் இருக்கும் சாதாரணச் சரக்கும் அன்று பண்டிகைச் சரக்காகிவிடுகிறது. இறந்தவர் எந்தக் கடையில் வழக்கமாக வாங்கினாரோ, அந்தக் கடைக்காரருக்குத்தான் அவருடைய ருசி தெரியும். பேரங்காடியால் இதற்குப் பதில் சொல்ல முடியாது. நம்மில் எத்தனை பேர் வாடிக்கையாளர் வீட்டுப் பெரியவரின் பெயரையும் ருசியையும் நினைவில் வைத்திருக்கிறோம் என்று அன்றிரவு மூவரும் பேசிக்கொண்டோம். பதில் அவ்வளவு பெருமைப்படத் தக்கதாக இல்லை.

தெயோதித்லான் என்னும் நெசவாளர் கிராமத்தில் இன்னொன்றும் கேட்டோம். திருமணம், ஊர்த் திருவிழா போன்ற பெரிய செலவுகளுக்கு ஒருவருக்கொருவர் பண்டமாகக் கொடுத்துக்கொள்ளும் வழக்கத்துக்கு கெலகெட்சா என்று பெயர். நம் மொய் நோட்டுப் போல வீட்டுக்கொரு நோட்டு. இவரிடமிருந்து வான்கோழி ஒன்று, எடை இவ்வளவு, கொக்கோ இவ்வளவு என்று எழுதி, கேட்கும்போது அதே எடையில் திருப்ப வேண்டும். தகப்பன் வாங்கியதை மகன் கொடுக்க வேண்டும். வட்டி கிடையாது. பற்று வரவு எழுதி வளர்ந்த எங்களுக்கு அந்த நோட்டைப் பற்றிக் கேட்டதே போதும்.

குறையும் சொல்ல வேண்டும். அக்டோபர் 31 இரவு ஹொஹோகோத்லான் கல்லறைத் தோட்டத்துக்குப் போனோம். பூவும் மெழுகுவர்த்தியுமாக ஒவ்வொரு குடும்பமும் கல்லறையைச் சுற்றி அமர்ந்திருக்க, அவர்களைவிடக் காமிராக்காரர்கள் கூட்டம் அதிகம். அழுதுகொண்டிருந்த ஒரு கிழவியின் முகத்துக்கு நேரே ஒருவர் விளக்கடித்துப் படமெடுத்தார். வழிகாட்டிப் பெண்மணி எங்களை ஓரமாக நிற்கச் சொன்னார். கூட்டத்தில் நாங்களும் ஒரு பங்கு என்பதை மறுக்க முடியாது. பத்து நிமிடத்தில் வெளியே வந்துவிட்டோம்.

வெளியார் கூட்டம் பெருகப் பெருகச் சரக்கும் மாறுகிறது. வெட்டு வேலைப்பாடுள்ள காகிதத் தோரணம் இப்போது பிளாஸ்டிக்கில் மலிவாகக் கிடைக்கிறது. நாமும் பிளாஸ்டிக் மாவிலைத் தோரணம் விற்றவர்கள்தாம், குறை சொல்ல வாயில்லை. மெக்சிகோ நகரில் இத்திருநாளுக்கு நடக்கும் பெரிய ஊர்வலம் பழைய வழக்கமே அல்ல. 2015-ல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படத்தில் கற்பனையாகக் காட்டியதைப் பார்த்து 2016-ல் தொடங்கியது. 2013-ல் அமெரிக்காவின் டிஸ்னி நிறுவனம் ஒரு படத்துக்காகத் திருநாளின் பெயரையே வணிக முத்திரையாகப் பதிவு செய்ய விண்ணப்பித்தது. பெரும் எதிர்ப்புக் கிளம்பவே கைவிட்டது. நாளை நம் பொங்கலின் பெயரை ஒருவர் தம் பாக்கெட்டுக்கு மட்டும் உரிமை கேட்டால் எப்படியிருக்கும்? சங்கங்கள் விழிப்பாக இருக்க வேண்டிய இடம் இது.

போக விரும்புகிறவர்களுக்கு ஓரிரு வார்த்தை. திருநாள் வாரத்தில் விடுதி அறை கிடைப்பது அரிது, பல மாதங்களுக்கு முன்பே சொல்லி வைக்க வேண்டும். மேட்டு நிலமானதால் இரவில் குளிரும். பெசோ நாங்கள் போனபோது ஏறத்தாழ நாலரை ரூபாய். சைவ உணவுக்காரர்கள் சோள ரொட்டி, அவரை வகைகளை வைத்துச் சமாளிக்கலாம், ஆனால் பன்றிக்கொழுப்பு சேர்க்கிறார்களா என்று கேட்டே சாப்பிட வேண்டும்.

இரண்டாம் தேதி மாலை அம்மாளின் உறவினர்கள் வந்தார்கள். படையலில் இருந்த ரொட்டியும் பழமும் எல்லோருக்கும் பங்கு போட்டார். வந்தவர்கள் வாசனையை உண்டுவிட்டுப் போயிருப்பார்கள், இனி நாம் சாப்பிடலாம் என்பது அவர்கள் நம்பிக்கை. கடலைமிட்டாயைக் காகிதத்தில் மடித்து நண்பர் கையில் கொடுத்தார். அவர் பாதியைத் தம்பி மனைவிக்கென்று பெட்டியில் வைத்துவிட்டு, மீதியைக் கடித்து மென்றார். பாகு பதம் சற்று முந்திவிட்டது, இதைக் கொடுத்தால் தம்பி ஜாடியோடு திருப்பி அனுப்பியிருப்பான் என்றார். இரண்டு வருடத்தில் தம்பியைப் பற்றி அவர் பேசி நாங்கள் கேட்டது அன்றுதான்.