பழைய பிளேஸ்டேஷன் 3-இல் கேம் அப்டேட்: பென் டிரைவ் போட்டும் ஏன் வரவில்லை?



கோடை லீவு முடிந்து வந்ததில் இருந்து மூன்று பேர் என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டுவிட்டார்கள். "டேய், கேமோட அப்டேட்டை டவுன்லோடு பண்ணி பென் டிரைவ்ல போட்டு பிளேஸ்டேஷன் 3-ல செருகினேன். ஒண்ணுமே காட்டல. மெஷின் போச்சா?" மெஷின் போகவில்லை. செய்த வேலைதான் வேறு. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதற்குப் பதில் இங்கேயே எழுதி ஒட்டிவிடலாம் என்று நினைத்தேன்.

பிளேஸ்டேஷன் 3 முதலில் 2006 நவம்பரில் வந்தது. ஜப்பானில் 2017-இல் உற்பத்தியை நிறுத்திவிட்டார்கள். அதனால் இப்போது நம் வீடுகளுக்கு வருவதெல்லாம் யாரோ விளையாடி முடித்த செகண்ட் ஹேண்ட் மெஷின்தான். உள்ளே எந்த வருடத்து சாஃப்ட்வேர் இருக்கும் என்று சொல்ல முடியாது.

முதலில் ஒரு விஷயம் மண்டையில் ஏற வேண்டும். அப்டேட் ரெண்டு வகை. ஒன்று மெஷினுக்கு, இன்னொன்று கேமுக்கு. மெஷினுடைய அப்டேட்டை பென் டிரைவில் கொண்டுவரலாம். கேமுடைய அப்டேட்டை, யாரும் கை வைக்காத ஒரிஜினல் மெஷினில், பென் டிரைவில் இருந்து ஏற்ற முடியாது. மெஷினே இன்டர்நெட்டில் போய் எடுத்துக்கொண்டால்தான் உண்டு. என்னைக் கேட்ட மூன்று பேரும் இங்கேதான் மாட்டிக்கொண்டார்கள்.

கேமுக்கு அப்டேட் எதற்கு? டிஸ்க்கில் இருப்பதை அழிக்கவும் முடியாது, திருத்தவும் முடியாது. நம் பாடப்புத்தகம் அச்சான பிறகு பிழை கண்டுபிடித்தால் தனியாக ஒரு திருத்தத் தாள் கொடுப்பார்களே, அதே கதைதான். திருத்தம் மெஷினின் ஹார்டு டிஸ்க்கில் போய் உட்காரும். நாம் டிஸ்க்கைப் போட்டதும் மெஷின் ஹார்டு டிஸ்க்கில் திருத்தம் இருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் அதில் இருந்து கேமை ஆரம்பிக்கும். மாறாத மற்ற பாகங்களை டிஸ்க்கில் இருந்து எடுத்துக்கொள்ளும். அதனால்தான் அப்டேட் செய்த பிறகும் டிஸ்க் கேட்கிறது.

எந்தத் திருத்தம் எந்த டிஸ்க்குக்கு என்பதைப் பெயரை வைத்துப் பார்ப்பதில்லை. டிஸ்க் அட்டையின் முதுகில் நாலு எழுத்தும் ஐந்து எண்ணும் சேர்ந்த ஒரு குறியீடு இருக்கும். அதுதான் கணக்கு. ஒரே கேமாக இருந்தாலும் அமெரிக்க டிஸ்க்குக்கு ஒரு குறியீடு, ஐரோப்பிய டிஸ்க்குக்கு வேறு குறியீடு. நண்பன் வீட்டில் வெர்ஷன் நம்பர் வேறாக இருந்தால் சண்டை போடாதீர்கள், குறியீட்டைப் பாருங்கள்.

இனி செய்முறை. மெஷின் பக்கத்தை முதலில் முடித்துவிடுவோம். செட்டிங்ஸ், சிஸ்டம் செட்டிங்ஸ், சிஸ்டம் இன்ஃபர்மேஷன் என்று போனால் உள்ளே இருக்கும் வெர்ஷன் தெரியும். பழசாக இருந்தால், கம்பெனியின் சொந்த இணையதளத்தில் இருந்து மட்டும் (வேறு எங்கிருந்தும் வேண்டவே வேண்டாம்) அப்டேட் ஃபைலை கம்ப்யூட்டரில் இறக்குங்கள். சுமார் 200 எம்.பி. இருக்கும். பென் டிரைவில் 'பி எஸ் 3' என்று ஒரு ஃபோல்டர், அதற்குள் 'அப்டேட்' என்று இன்னொரு ஃபோல்டர், அதற்குள் அந்த ஃபைல். மூன்றின் பெயரும் ஆங்கிலத்தில் பெரிய எழுத்தில் இருக்க வேண்டும். இதில் ஒரு வேடிக்கை: ஃபோல்டர் பெயரில் 'அப்டேட்' முழுசாக இருக்கும், ஃபைல் பெயரிலோ கடைசி 'ஈ' எழுத்து கிடையாது. எழுத்துப்பிழை என்று நினைத்து நீங்கள் திருத்தினால் மெஷினுக்குத் தெரியாது! அதேபோல ரெண்டு தடவை டவுன்லோடு செய்தால் கம்ப்யூட்டர் பெயருக்குப் பின்னால் '(1)' என்று ஒட்டிவிடும். அதையும் நீக்குங்கள்.

பென் டிரைவ் ஃபேட் 32 முறையில் ஃபார்மட் ஆகியிருக்க வேண்டும். 64 ஜி.பி. டிரைவ்கள் பெரும்பாலும் எக்ஸ் ஃபேட் முறையில்தான் கடைக்கு வருகின்றன. அதை இந்த மெஷின் படிக்காது. வீட்டில் பழைய 4 ஜி.பி., 8 ஜி.பி. டிரைவ் கிடந்தால் அதுவே போதும். செருகிய பிறகு சிஸ்டம் அப்டேட், அப்டேட் வயா ஸ்டோரேஜ் மீடியா. அவ்வளவுதான். ஓடிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போகக் கூடாது. கரண்ட் அடிக்கடி போகிற நேரத்தில் இதைத் தொடாதீர்கள். நான் விடிகாலையில்தான் செய்வேன்.

பழைய மெஷினுக்கு இன்னமுமா அப்டேட் என்று கேட்கலாம். 2023-இல் 4.90, 2024-இல் 4.91, 2025-இல் 4.92 என்று வந்தன. முக்கியக் காரணம் கேம் இல்லை, சினிமா! புளூ-ரே படங்களைப் பூட்டி வைக்கும் சாவிகளை அவ்வப்போது மாற்றுகிறார்கள். புதுச் சாவி இல்லாவிட்டால் புதுப் பட டிஸ்க் ஓடாது.

இன்டர்நெட்டும் இல்லை, கம்ப்யூட்டரும் இல்லை என்பவர்களுக்கு ஒரு நல்ல செய்தி. பல கேம் டிஸ்க்குகளிலேயே அந்த கேமுக்குத் தேவையான சிஸ்டம் அப்டேட்டையும் சேர்த்துக் கொடுத்திருக்கிறார்கள். டிஸ்க்கைப் போட்டால் மெஷினே கேட்கும்.

இப்போது கேம் பக்கம். மெஷினை இன்டர்நெட்டில் சேர்க்க வேண்டும். வீட்டில் லைன் இல்லை என்றால் அப்பா போனின் ஹாட்ஸ்பாட் போதும். ஆனால் இந்த மெஷினுக்கு 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபை மட்டும்தான் தெரியும். போன் 5 கிகாஹெர்ட்ஸில் கொடுத்தால் பெயரே காட்டாது. போனில் அதை மாற்றிவிடுங்கள். ஆரம்பத்தில் வந்த 20 ஜி.பி. மாடலில் வைஃபையே கிடையாது, கேபிள்தான்.

சேர்ந்த பிறகு கேமின் படத்தின் மேல் நின்று முக்கோண பட்டனை அழுத்துங்கள். 'செக் ஃபார் அப்டேட்' என்று வரும். இருந்தால் எத்தனை எம்.பி. என்று காட்டும். டேட்டா பேக்கைப் பார்த்துவிட்டு சரி கொடுங்கள். சில கேம்களுக்கு ஒன்றன் பின் ஒன்றாகப் பல அப்டேட் வரிசையாக வரும். பாதியில் சலித்துப்போய் எழுந்துவிடாதீர்கள்.

அப்டேட் பாதியில் கெட்டுப்போய் கேம் ஆரம்பத்திலேயே நின்றுவிட்டால், 'கேம் டேட்டா யூட்டிலிட்டி'க்குள் போய் அந்த கேமின் டேட்டாவை மட்டும் அழித்துவிட்டு மறுபடி அப்டேட் செய்யலாம். நாம் விளையாடிச் சேர்த்தது அங்கே இல்லை, 'சேவ்டு டேட்டா யூட்டிலிட்டி'யில் தனியாக இருக்கிறது. இந்த ரெண்டு பெயரையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

நான் குழப்பியது வேறு இடத்தில். மெஷின் மெனுவுக்கே வராமல் நின்றால் 'சேஃப் மோட்' என்று ஒன்று உண்டு. பவர் பட்டனை விடாமல் அழுத்திப் பிடித்து உள்ளே போக வேண்டும். ஆறு வரிகள் வரும். மூன்றாவது ஃபைல் சிஸ்டத்தைச் சரிபார்ப்பது, நாலாவது டேட்டாபேஸைத் திரும்பக் கட்டுவது, ஆறாவது பென் டிரைவில் இருந்து அப்டேட். ஐந்தாவது 'ரீஸ்டோர் பிஎஸ்3 சிஸ்டம்'. ரீஸ்டோர் என்றால் பழையபடி நன்றாக்கிவிடும் என்று நினைத்து அதை அழுத்திவிட்டேன். கேட்ட கேள்விக்கும் படிக்காமலே 'யெஸ்' கொடுத்தேன். ஹார்டு டிஸ்க் மொத்தமும் துடைத்துவிட்டது. அண்ணன் காலேஜ் ஹாஸ்டலுக்குப் போவதற்கு முன் ரெண்டு வருடமாக ஓட்டிச் சேர்த்த கார் எல்லாம் அதில் இருந்தது. போனில் சொன்னபோது அவன் திட்டவில்லை. "சரி விடுடா"ன்னு வச்சிட்டான். திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை.

அதனால் எதையும் தொடும் முன் சேவ் டேட்டாவின் மேல் முக்கோண பட்டன் அழுத்தி, 'காப்பி' கொடுத்து பென் டிரைவில் எடுத்துவிடுங்கள். சில கேம்கள் காப்பி எடுக்க விடாது. அவற்றுக்கு சிஸ்டம் செட்டிங்ஸில் 'பேக்கப் யூட்டிலிட்டி' இருக்கிறது.

அப்டேட் என்றாலே நல்லது மட்டும் என்றும் இல்லை. 2010 ஏப்ரல் 1-இல் வந்த 3.21, அதுவரை இந்த மெஷினில் லினக்ஸ் போட்டுக்கொள்ள இருந்த வசதியை எடுத்துவிட்டது. அமெரிக்காவில் கோர்ட் வரை போனார்கள். 2013 ஜூனில் வந்த 4.45 சில மெஷின்களை மெனுவுக்கே வரவிடாமல் செய்தது. கம்பெனியே அதைத் திரும்பப் பெற்று அதே மாதம் 4.46 விட்டது. ஒருமுறை ஏறிய வெர்ஷனில் இருந்து நாம் சாதாரணமாகக் கீழே இறங்கவும் முடியாது. எனவே புதிதாக ஒன்று வந்தால் நான் ஒரு வாரம் பொறுத்துத்தான் போடுவேன்.

(கணக்கு சாருக்கு ஒரு துணுக்கு: 2010 மார்ச் 1 அன்று பழைய பெரிய மாடல்கள் 2010-ஐ லீப் வருடம் என்று நினைத்துக் குழம்பி நின்றுவிட்டன. மறுநாள் தானாகச் சரியாகிவிட்டது!)

இன்னொன்று, இந்த வேலையைத் தள்ளிப்போடவும் முடியாது. 2021 மார்ச்சில் பிளேஸ்டேஷன் 3-இன் ஸ்டோரை மூடப்போவதாக அறிவித்தார்கள். ஆட்கள் போட்ட சத்தத்தில் ஏப்ரலில் அந்த முடிவை மாற்றிக்கொண்டார்கள். ஆனால் தனித்தனி கேம்களின் ஆன்லைன் சர்வர்கள் ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டேதான் இருந்தன. கிரான் டூரிஸ்மோ 5-க்கு 2014-இல் போனது, கிரான் டூரிஸ்மோ 6-க்கு 2018-இல், லிட்டில் பிக் பிளானட்டுக்கு 2021-இல். திருத்தங்கள் இருக்கும் சர்வரும் ஒருநாள் நிற்கலாம். உங்களிடம் இருக்கும் டிஸ்க்குகளை ஒவ்வொன்றாகப் போட்டு, இருக்கிற அப்டேட்டை எல்லாம் இந்த லீவு நாட்களில் இறக்கி வைத்துவிடுங்கள். நான் இதுவரை ஒன்பது டிஸ்க் முடித்திருக்கிறேன். அண்ணனுடைய கார் ரேஸ் டிஸ்க் தான் முதலில்.

பழைய 4 ஜி.பி. பென் டிரைவ் வேண்டுமென்றால் மதிய இடைவேளையில் வந்து வாங்கிக்கொள்ளலாம். திருப்பித் தரணும்!

– மாணவர், 11-ஆம் வகுப்பு 'ஆ' பிரிவு