பார்வையற்ற தந்தையாக ஜோ அபேவிக்கிரம

நீண்ட கலைவாழ்வு ஒரு நடிகருக்கு எதைக் கற்றுத்தருகிறது? சிங்களத் திரையின் ஜோ அபேவிக்கிரமவைக் கொண்டு இதை நோக்க விழைகிறேன்.

1927இல் இரத்தினபுரிப் பகுதியிற் பிறந்த அவர், 1957இல் ‘தேவசுந்தரி’ மூலம் திரைக்கு வந்தார். பல ஆண்டுகள் நகைச்சுவை நடிகராகவே அறியப்பட்டார். 1971இல் ‘வெலிகதர’வில் கொடிய முதலாளியாகவும், 1980இல் ‘பெத்தேகம’வில் காட்டோர வேடன் சிலிந்துவாகவும் மாறிக்காட்டினார்.

அவரது உச்சம், பிரசன்ன விதானகேயின் ‘புர ஹந்த களுவர’ (1997). அதில் அவர் பார்வையற்ற தந்தை. படைவீரனான மகனின் உடலென்று முத்திரையிட்ட பெட்டி வருகிறது. நட்டஈட்டுப் படிவத்தில் ஒப்பமிட அவர் மறுக்கிறார். புதைகுழியைத் தோண்டினால், உள்ளே வாழைக்குற்றியும் கற்களுமே!

நடிகரின் முதற்கருவி கண். அதைக் கைவிட்டு, மெல்லிய நடையாலும் மௌனத்தாலுமே அத்தந்தையாகிறார். நாற்பதாண்டுப் பயிற்சியின்றி அந்த அடக்கம் வாய்க்குமா? சிங்கப்பூர்த் திரைப்பட விழா அவருக்குச் சிறந்த நடிகர் விருதளித்தது. 2011இல் அவர் காலமானார்.

நாயாற்றில் எங்கள் அயலில் ஓர் ஆச்சி இருக்கிறார். 2009இல் காணாமற்போன மகனுக்கு மரணச் சான்றிதழ் எடுக்கச் சொன்னால், “உடம்பைக் காட்டாமல் எப்படிப் பிள்ளை எடுக்கிறது?” என்பார். பிடிவாதமென்றே எண்ணியிருந்தேன். படம் பார்த்தபின் அவர் முன் வாய்திறக்கவில்லை. பக்கத்தில் அமர்ந்து கேட்டேன். மொழியும் தரப்பும் வேறு, பெற்றமனம் ஒன்றே.