லைசன்ஸ் எடுக்கப்போற தங்கச்சிக்கு

தங்கச்சி, லேனர்ஸில், அதாவது ஓட்டப் பழக்கும் பாடசாலையில், பெயர் பதிந்து காசு கட்டுவதற்கு முன்னால் வீட்டு அலுமாரியைத் திற. உன் பிறப்புச் சான்றிதழையும் ஐடியையும் எடுத்துப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எழுத்தெழுத்தாகப் பார். 18 வயது, கண்பார்வை, எழுத்துப் பரீட்சை என்று ஊரில் எல்லோரும் சொல்லும் தகுதிகள் நம் ஸ்பிரிங்வெளித் தோட்டத்துப் பிள்ளைகளை அவ்வளவாக மறிப்பதில்லை. மறிப்பது பெயர்தான். பிறப்புச் சான்றிதழில் வெறும் ‘கலைவாணி’ என்றிருக்கும். ஐடியில் ‘முனியாண்டி கலைவாணி’ என்றிருக்கும். ஓ.எல். சான்றிதழில் ‘எம். கலைவாணி’ என்றிருக்கும். மூன்றும் ஒரே பிள்ளைதான் என்று உனக்கும் எனக்கும் தெரியும். கவுண்டரில் இருப்பவருக்கு அது தெரியவேண்டிய கட்டாயமில்லை.

இது நம் வீட்டாரின் கவனக்குறைவு என்று அம்மாவைக் கோபிக்காதே. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் நம் பாட்டன் பாட்டிமாரை நாடில்லாதவர்களாக்கியது. கடைசியாக மிஞ்சியிருந்தவர்களுக்கும் உரிமை கிடைத்தது 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டத்தோடுதான். அத்தனை காலம் கடதாசி இல்லாமலே வாழப் பழகிய குடும்பங்களில், பதிவுகாரர் காதில் விழுந்தபடி எழுதியதே பெயராக நின்றுவிட்டது. தமிழ்ப் பெயர் சிங்களத்துக்குப் போய், அங்கிருந்து ஆங்கிலத்துக்குப் போய், திரும்பத் தமிழுக்கு வரும்போது வேறொருவர் பெயர்போல ஆகிவிடுகிறது. உன் தலைமுறை அதைச் சரிசெய்துகொள்ளலாம். லைசன்ஸ் அதற்கு நல்ல சாட்டு.

பிழை பிறப்புச் சான்றிதழில் என்றால் பிரதேச செயலகத்திலுள்ள மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் போ. பாடசாலை விடுகைப் பத்திரத்தையும் பரீட்சைச் சான்றிதழையும் கொண்டுபோ. அந்தப் பெயரில்தான் நீ வளர்ந்தாய் என்று காட்டப் பழைய கடதாசிகள்தான் உதவும். பிழை ஐடியில் என்றால் திருத்த விண்ணப்பத்தைக் கிராம அலுவலர் ஊடாகப் பிரதேச செயலகத்தில் கொடு, அங்கிருந்து ஆட்பதிவுத் திணைக்களத்துக்குப் போகும். ஐடியே இன்னும் எடுக்காதவள் என்றால் ஒரு விசயம் தெரிந்துகொள். படிக்கிற பிள்ளைக்குப் பாடசாலை அதிபரும், தோட்டத்தில் இருக்கிறவர்களுக்குத் தோட்டத்து அத்தியட்சகரும் விண்ணப்பத்தை அத்தாட்சிப்படுத்தலாம். இந்த வேலைகளுக்குக் காலம் போகும். அதனால்தான் லேனர்ஸுக்கு முன்னால் இதைச் செய் என்கிறேன். காசு கட்டிவிட்டுப் பெயருக்காக அலைந்தால், மெடிக்கலும் காலாவதியாகும், மனமும் விட்டுப்போகும்.

படிவம் சிங்களத்தில் மட்டும் நீட்டப்பட்டால் தயங்காமல் தமிழில் கேள். அரசியலமைப்பின் 1987ஆம் ஆண்டு 13ஆவது திருத்தத்தோடு தமிழும் அரசகரும மொழி. பசறை, ஹாலிஎல, ஹப்புத்தளை, பண்டாரவளை போன்ற நம் பக்கத்துப் பிரதேச செயலகப் பிரிவுகள் இருமொழி நிருவாகப் பிரிவுகளாக வர்த்தமானியில் அறிவிக்கப்பட்டவை. எழுத்துப் பரீட்சையையும் தமிழில் எழுதலாம். புரியாத படிவத்தில் ஒருநாளும் கையெழுத்து வைக்காதே. வரிசையில் நிற்கும் யாரோ ஒரு அண்ணன் ‘தாங்க, நான் நிரப்பித் தாறேன்’ என்று உதவலாம், நல்ல மனுசராகவே இருக்கலாம். ஆனால் உன் பெயரை ஆங்கிலத்தில் எழுதும் அந்த ஒரு வரியை மட்டும் நீயே ஐடியைப் பார்த்து எழுது.

அடுத்தது எந்த வகுப்புக்கு விண்ணப்பிப்பது என்பது. இதில் நம் பிள்ளைகள் கையைச் சுருக்கிக்கொள்கிறார்கள் என்பது என் மனத்தாங்கல். ‘பொம்பளப் பிள்ளைக்கு ஸ்கூட்டி போதும்’ என்று வீட்டில் சொல்வார்கள். அந்த ஸ்கூட்டிக்கே ஏ1 போதாது. ஏ1 என்பது 100 சிசி வரைக்கும்தான். இப்போது வீதியில் ஓடும் ஸ்கூட்டிகளில் பெரும்பாலானவை 110, 125 சிசி என்பதால் உனக்குத் தேவை ஏ. த்ரீவீலுக்கு பி1. கார், வேன் போன்ற இலகு வாகனத்துக்கு பி. கனரக வாகனத்துக்கு 21 வயது ஆகவேண்டும், அது பிறகு. முடிந்தால் ஏயும் பியும் சேர்த்தே விண்ணப்பி. பிறகு ஒரு வகுப்பைச் சேர்க்கப் போனால் மறுபடியும் விண்ணப்பம், மறுபடியும் பதுளைக்கு அலைச்சல். காரை எப்போது வாங்கப்போகிறோம் என்று கேட்பார்கள். வாங்கவேண்டாம். லயத்தில் ஒரு தாய்க்கு இராத்திரி இடுப்புவலி வந்தால், தோட்டத்தில் நிற்கும் வேனை எடுத்துப் பதுளைப் பெரியாஸ்பத்திரிக்கு ஓட்டத் தெரிந்தவள் ஒருத்தி அந்த லயத்தில் இருப்பது எவ்வளவு பெரிய பலம்! ஆண்பிள்ளைகள் பாதிப்பேர் கொழும்பில் கடைகளில் நிற்கும் ஊர் இது.

இன்னொன்று, ஆட்டோ கியர் வண்டியில் ட்ரயல் என்ற ஓட்டிக்காட்டும் பரீட்சையைக் கொடுத்தால் லைசன்ஸும் ஆட்டோ கியருக்கு மட்டுமே. பழகுவதற்குச் சுகம்தான். ஆனால் தோட்டத்தில் நிற்கும் பழைய வேனும் டிமோ பட்டாவும் மெனுவல். மெனுவலில் படி.

மெடிக்கல் என்று நாம் சொல்வது தேசிய போக்குவரத்து வைத்திய நிறுவகம் தரும் சான்றிதழை. தலைமையகம் நுகேகொடையில், மாவட்டங்களில் கிளைகள் உண்டு. பதுளையிலேயே முடித்துக்கொள்ளலாம். நேரத்தை முன்கூட்டியே பதிந்துகொண்டு போ. உயரம், நிறை, இரத்த அழுத்தம், பார்வை, காது எல்லாம் பார்ப்பார்கள். கண்ணாடி போடுகிறவள் என்றால் போட்டுக்கொண்டே போ. கண்ணாடி போட்டால் லைசன்ஸ் தரமாட்டார்கள் என்று ஒரு பயம் ஊரில் இருக்கிறது, அது பொய். கண்ணாடி அணிந்து ஓட்டவேண்டும் என்ற நிபந்தனையோடு தருவார்கள். வலிப்பு, சீனி வருத்தம் இருந்தால் மறைக்காதே. சான்றிதழ் 6 மாதத்துக்குத்தான் செல்லும், அதனால் மற்றக் கடதாசிகள் தயாரான பிறகே எடு. பிறகு மெடிக்கல், ஐடி, பிறப்புச் சான்றிதழ் எல்லாவற்றின் மூலப்பிரதியும் போட்டோ கொப்பியும் ஒரு பிளாஸ்டிக் ஃபைலில் போட்டுக்கொண்டு பதுளையிலுள்ள மோட்டார் வாகனப் போக்குவரத்துத் திணைக்கள மாவட்ட அலுவலகத்துக்கு. காலை முதல் பஸ்ஸில் ஏறு.

லேனர்ஸைத் தெரிவு செய்யும்போது கேட்கவேண்டிய கேள்விகள் இருக்கின்றன. திணைக்களத்தில் பதிந்த பாடசாலையா? எத்தனை தடவை ஓட்டத் தருவார்கள்? ட்ரயலுக்கு வண்டி அவர்களுடையதா, அதற்குத் தனிக் காசா? பதிலைப் பற்றுச்சீட்டில் எழுதித் தரச்சொல். ஓட்டப்பழகப் போகும் முதல் நாட்களில் ஒரு கூட்டாளியையும் சேர்த்துக்கொள், இருவரும் ஒரே நேரத்துக்குப் பதிந்தால் போக்குவரத்துக்கும் துணை. ‘ட்ரயல் இல்லாமலே எடுத்துத் தாறேன்’ என்று யாராவது சொன்னால் அந்த இடத்தில் ஒரு நிமிசமும் நிற்காதே. காசு போவது இரண்டாவது விசயம். ஓட்டத் தெரியாதவள் கையில் லைசன்ஸ் இருந்தால் இந்த மலையில் அது யாருடைய உயிரையாவது எடுக்கும்.

எழுத்துப் பரீட்சையில் 40 கேள்விகள், ஒரு மணித்தியாலம், சரியான விடையைத் தெரிவு செய்வது. 30 சரியென்றால் தேறலாம். இலவசக் கல்வியில் ஓ.எல். வரை படித்த பிள்ளைக்கு இது மலையல்ல. வீதிச் சமிக்ஞைகளை மனப்பாடம் செய்யாமல் அவற்றின் உருவத்தைப் புரிந்துகொள். மஞ்சள் சாய்சதுரம் என்றால் எச்சரிக்கை, சிவப்பு வட்டம் என்றால் தடை, நீல வட்டம் என்றால் கட்டாயம். இந்த மூன்றையும் பிடித்துக்கொண்டால் பார்த்திராத பலகைக்கும் பாதி விடை தெரியும். பதுளைக்குப் பஸ்ஸில் போகும்போது ஜன்னலோரம் இருந்து பலகைகளைப் பார்த்துக்கொண்டே போ. த்ரீவீலுக்கு மணிக்கு 40 கிலோமீற்றர், சுற்றுவட்டத்தில் வலப்பக்கம் வருபவருக்கு வழி, இரட்டை வெள்ளைக் கோட்டைத் தாண்டி முந்தக்கூடாது போன்றவற்றை வினாவுக்காகப் படித்தாலும் வீதிக்காக ஞாபகம் வை.

தேறினால் கையில் வருவது பயிலுநர் அனுமதிப்பத்திரம். 18 மாதம் செல்லும். எடுத்து 3 மாதம் போன பிறகே ட்ரயலுக்குப் போகலாம். வண்டிக்கு முன்னும் பின்னும் எல் பலகை, பக்கத்தில் பயிற்றுவிப்பவர். இந்தக் கடதாசி வருவதற்கு முன்னால் வண்டியைத் தொடாதே. நம் தோட்டத்தில் பையன்கள் மீசை முளைக்கும் முன்னரே மைதானத்திலும் தோட்டத்துப் பாதையிலும் த்ரீவீல் ஓட்டுவதை நீ பார்த்திருப்பாய். தோட்டத்துப் பாதைதானே என்பார்கள். கொழுந்துச் சாக்கோடு ஒரு பாட்டி அந்தப் பாதையில்தான் நடந்து வருகிறாள். அனுமதி இல்லாதவர் ஓட்டி விபத்து நடந்தால் காப்புறுதியும் கைவிடும்.

அந்த 3 மாதத்தைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். பலர் அதைத் தவணை பார்த்துக் காத்திருக்கும் காலமாகக் கழித்துவிட்டு, ட்ரயலுக்கு முதல் வாரம் மட்டும் எட்டுப் போட்டுப் பார்க்கிறார்கள். பதுளை நகரத்து மட்டமான இடத்தில் எட்டுப் போடத் தெரிவது ஓட்டத் தெரிவதாகாது. நாம் ஓட்டப்போவது நமுனுகுல மலையின் பனிமூட்டம் இறங்கும் பாதையில். 2021 மார்ச் 20ஆம் திகதி லுணுகலையிலிருந்து கொழும்புக்குப் போன தனியார் பஸ், பசறை 13ஆம் கட்டையில் பள்ளத்தில் விழுந்தது. வீதியோரத்தில் கல் சரிந்து கிடந்த ஒடுங்கிய இடத்தில் எதிரே வந்த வாகனத்தைக் கடக்கும்போது நடந்தது அது. பத்துப் பேருக்கு மேல் போய்ச் சேர்ந்தார்கள், நமக்குத் தெரிந்த முகங்கள். 2025 செப்டம்பர் 4ஆம் திகதி எல்ல – வெல்லவாய வீதியில் தங்காலை நகரசபை ஊழியர்கள் வந்த பஸ் விழுந்தது. அந்த இரண்டு வீதியும் நம் வீதிதான். பழகும்போதே அவற்றுக்காகப் பழகு.

பயிற்றுவிப்பவரிடம் முதலில் கேட்கவேண்டியது ஏற்றத்தில் நிறுத்தி எடுப்பது. ஹேண்ட் பிரேக்கைப் பிடித்து, கிளச்சை மெதுவாக விட்டு, வண்டி லேசாக நடுங்கி மூக்கைத் தூக்கும்போது ஹேண்ட் பிரேக்கை விடவேண்டும். ஒரு சாணும் பின்னால் உருளக்கூடாது. கை காலுக்கு இது தானாக வரும்வரை திரும்பத் திரும்பச் செய். அடுத்தது இறக்கம். எந்தக் கியரில் ஏறினோமோ அந்தக் கியரில் இறங்கு என்று பழைய சாரதிமார் சொல்வார்கள், அது உண்மை. நீண்ட இறக்கத்தில் பிரேக்கை மட்டும் மிதித்துக்கொண்டே வந்தால் அது சூடேறிப் பிடிப்பை இழக்கும். கடைசி வளைவில் மிதிக்கும்போது கால் உள்ளே போகும், வண்டி நிற்காது. சின்னக் கியரில் இருந்தால் எஞ்சினே வண்டியை இழுத்துப் பிடிக்கும். கியரை நியூட்ரலில் போட்டு எண்ணெய் மிச்சம் பிடிக்கிறோம் என்று உருட்டிக்கொண்டு வருபவர்களைப் பின்பற்றாதே.

ஒடுங்கிய இடத்தில் ஏறிவரும் வண்டிக்கு இறங்கும் வண்டி வழிவிடவேண்டும், ஏனென்றால் ஏற்றத்தில் நிறுத்தி எடுப்பதுதான் கஷ்டம். நீ ஒதுங்குவது பள்ளத்துப் பக்கமென்றால் மண்ணோரத்தை நம்பாதே. மழைக்குப் பிறகு அது மேலே உறுதியாகத் தெரியும், அடியில் கரைந்திருக்கும். முகம் தெரியாத வளைவுக்கு முன்னால் ஹோர்ன் அடி. அடித்துவிட்டுக் காதையும் கொடு, எதிரே இருந்து பதில் வரும். ஐப்பசி கார்த்திகை மழையில் பயிற்சி வேண்டாம் என்று பல பிள்ளைகள் தள்ளிப்போடுகிறார்கள். நான் மாறாகச் சொல்வேன். ஈர வீதியையும் மூட்டத்தையும் முதன்முதலில் பார்க்கும்போது பக்கத்தில் பயிற்றுவிப்பவர் இருக்கட்டும். மண்சரிவு எச்சரிக்கை விட்ட நாளில் மட்டும் வீட்டில் இரு.

ட்ரயல் அன்று சப்பாத்து போடு, செருப்பு வேண்டாம். சல்வார் என்றால் ஷோலைக் கழற்றிப் பையில் வை அல்லது இடுப்பில் இறுக்கிக் கட்டு. சக்கரத்தில் ஷோல் சிக்கி விழுவது எவ்வளவு மோசமான விபத்து என்று ஆஸ்பத்திரியில் வேலை செய்பவர்களைக் கேட்டுப் பார். ஹெல்மட் உன் தலைக்கு அளவானதாக, பட்டி போட்டதாக இருக்கவேண்டும். பரீட்சகர் சொன்னது விளங்கவில்லையென்றால் ‘திரும்பச் சொல்லுங்க சேர்’ என்று கேள், அதற்குப் புள்ளி குறையாது. வண்டியின் பக்கக் கண்ணாடியைப் பார்க்கும்போது கண்ணை மட்டும் அசைக்காமல் தலையையும் திருப்பு, நீ பார்க்கிறாய் என்று அவருக்குத் தெரியவேண்டும். தேறாவிட்டால் அழுதுகொண்டு பஸ்ஸேறாதே. எதில் விட்டேன் என்று அங்கேயே கேட்டுக் கொப்பியில் எழுதிக்கொள், அடுத்த திகதியையும் அன்றே கேட்டுவிடு. பயிலுநர் அனுமதிப்பத்திரத்தின் 18 மாதம் முடியும் முன்னர் இன்னொரு தடவைக்கு இடம் இருக்கும்.