மண் பாக்கிக்கு ஸ்டேஷனில் தவணை போடலாமா?

கேள்வி: விருத்தாசலத்தில் சின்னதாக ஒரு பீங்கான் பட்டறை வைத்திருக்கிறேன், ஃபியூஸ் கேரியர் செய்கிறோம். கடனுக்கு வாங்கிய மண்ணுக்கு 4 லட்சத்தில் இரண்டரை லட்சம் கொடுத்துவிட்டேன். ஒரு சூளைச் சரக்கு முழுக்க விரிசல் விட்டது. சரக்கெடுத்த சென்னைக் கடையும் ஐந்து மாதமாகப் பணம் தரவில்லை. அதனால் மீதி நிற்கிறது. மண் கொடுத்தவர் போலீசில் புகார் செய்துவிட்டார். போனில் கூப்பிட்டார்கள், போனேன். இரவு ஒன்பது மணி வரை உட்கார வைத்து, 15 நாளில் கட்டுவதாக எழுதி வாங்கிக்கொண்டார்கள். இப்போது 67 வயதான என் அப்பாவையும் கூட்டி வரச் சொல்கிறார்கள். என்ன செய்வது?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர், விருத்தாசலம்

பதில்: முதலில், அப்பாவை அழைத்துப் போகாதீர்கள். 60 வயதைக் கடந்தவரை விசாரிக்க வேண்டுமென்றால் போலீஸ்தான் அவர் வீட்டுக்கு வர வேண்டும். 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 179-வது பிரிவு இதைச் சொல்கிறது. பழைய சட்டத்தில் இந்த வயது 65. பெண்களுக்கும் இதே பாதுகாப்பு உண்டு.

அடுத்து உங்கள் பாக்கி. வாங்கும் அன்றே கொடுக்கக் கூடாது என்ற எண்ணம் இருந்தால்தான் அது மோசடி. பிறகு கை முட்டிப்போய்க் கட்ட முடியாமல் போனால் அது கடன் மட்டுமே. இரண்டரை லட்சம் கொடுத்த ரசீதுகளே உங்களுக்காகப் பேசும், பத்திரமாக வையுங்கள்.

இந்த வித்தியாசத்தை உச்ச நீதிமன்றம் தெளிவாக விளக்கியது நம் ஊர் வழக்கு ஒன்றில்தான். விமானத்துக்குப் போட்ட எரிபொருளுக்கு என்.இ.பி.சி. (NEPC) என்ற நிறுவனம் பணம் பாக்கி வைத்ததென்றும், அடமானமாக எழுதிக்கொடுத்த விமானங்களின் இன்ஜின்களைக் கழற்றிவிட்டதென்றும் இந்தியன் ஆயில் கோயம்புத்தூர் கோர்ட்டில் புகார் செய்தது. 2006-இல் வந்த தீர்ப்பில், சிவில் தகராறைக் கிரிமினல் வழக்காக்கிப் பணம் வசூலிக்கும் போக்கை நீதிபதிகள் வன்மையாகக் கண்டித்தார்கள். ஆனாலும் அந்தப் புகாரை முழுதாகத் தள்ளவில்லை. நம்பிக்கை மோசடி என்ற குற்றச்சாட்டு நிற்காது, ஏமாற்றுதல் பற்றி விசாரிக்கலாம் என்றார்கள். ஆக, கொடுக்கல் வாங்கல் என்று சொல்லிவிட்டாலே எல்லாரும் தப்பிவிட முடியாது. உங்கள் விஷயத்தில் அப்படி எதுவும் எனக்குத் தெரியவில்லை.

வியாபாரத் தகராறில் குற்றம் நடந்ததா என்று பார்க்கப் போலீஸ் ஆரம்ப விசாரணை நடத்தலாம். லலிதா குமாரி வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றமே இதை அனுமதித்திருக்கிறது. அதற்கு மேல் தவணை பேசுவதும், எழுதி வாங்குவதும், ராத்திரி வரை உட்கார வைப்பதும் போலீஸ் வேலையே அல்ல. ஸ்டேஷனுக்குள் நடந்தாலும் அது கட்டப் பஞ்சாயத்துதான். உங்களுக்கு நேர்ந்ததைப் படித்தபோது மனசு கொதித்தது.

நடந்ததைத் தேதி, நேரத்தோடு எழுதி, மிரட்டலால் போட்ட கையெழுத்து என்று குறிப்பிட்டு, கடலூர் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். வற்புறுத்தி வாங்கிய ஒப்புதலை ஒப்பந்தச் சட்டப்படி நீங்கள் ரத்து செய்யலாம். இனி போனில் கூப்பிட்டால், மரியாதையாக, எழுத்தில் நோட்டீஸ் கேளுங்கள், புகாருக்கு சி.எஸ்.ஆர் (புகார் பெற்றதற்கான ரசீது) போட்டிருந்தால் அந்த எண்ணையும் கேளுங்கள். முறையான நோட்டீஸ் வந்தால் கட்டாயம் போக வேண்டும், வக்கீலோடு போங்கள்.

மண் கொடுத்தவரும் பாவம்தான். சிவில் கோர்ட்டில் வருஷக்கணக்கில் அலைய வேண்டும் என்ற பயத்தில்தான் பலரும் ஸ்டேஷன் படி ஏறுகிறார்கள். அவர் பணம் அவருக்குப் போய்ச் சேர வேண்டும். விருத்தாசலம் கோர்ட்டில் இயங்கும் வட்ட சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுத்தால், வழக்குப் போடாமலே இரண்டு பேரையும் உட்கார வைத்துத் தவணை பேசுவார்கள். லோக் அதாலத்தில் முடித்துக்கொண்டால் அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம்.

அந்தச் சென்னைக் கடையையும் விடாதீர்கள். சிறு, குறு தொழில்களுக்கான உத்யம் பதிவு உங்களிடம் இருக்கிறதா? சரக்கு கொடுத்தபோதே அது இருந்திருந்தால், 2006-ஆம் ஆண்டின் சிறு, குறு தொழில் சட்டப்படி அந்தக் கடை அதிகபட்சம் 45 நாளுக்குள் பணம் தந்திருக்க வேண்டும். தவறினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி. அந்தச் சட்டப்படி இயங்கும் வசதி மன்றத்தில் மனுப் போடுங்கள். மண்காரருக்குச் சேர வேண்டிய ஒன்றரை லட்சம் அங்கேதான் முடங்கிக் கிடக்கிறது.