நமக்குள் ஓர் ஆட்டம்: இணையத்தில் வீட்டாரோடு மட்டும் சதுரங்கம் ஆடும் முறை

பிறந்த மண்ணை விட்டு வந்து வாழும் நம் குடும்பங்களில், தாத்தா பாட்டிக்கும் பேரக் குழந்தைகளுக்கும் ஞாயிற்றுக்கிழமைகளில் நடக்கும் தொலைபேசிப் பேச்சு எப்படியிருக்கும் என்று வாசகர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. "சாப்பிட்டாயா?" "சாப்பிட்டேன்." "பள்ளிக்கூடம் எப்படி?" "நன்றாக இருக்கு." மூன்றாவது நிமிடம் தொலைபேசி அம்மாவின் கைக்குப் போய்விடும். இதில் பாசக் குறைவு ஒன்றும் இல்லை. பேசுவதற்குப் பொதுவாக ஒரு பொருள் இல்லை, அவ்வளவுதான்.

அந்தப் பொருளாகச் சதுரங்கத்தை வைத்துக்கொள்ளலாம் என்பதே இக்கட்டுரையின் கருத்து. நான் இருப்பது மேல்கோட்டையில். மைசூரிலிருந்து சுமார் ஐம்பது கிலோமீட்டர்; ரயில் வேண்டுமானால் மலையிறங்கிப் பாண்டவபுரம் போக வேண்டும். (பழைய ரயில்வேக்காரர்களுக்கு அது ஃப்ரெஞ்ச் ராக்ஸ் ஸ்டேஷன்.) பேரன் இருப்பது டொரான்டோவில், வயது பதினொன்று. எங்கள் இருவருக்கும் நடுவே இப்போது ஒரு பலகை இருக்கிறது. அதை அமைக்கும் முறையை, கணிப்பொறிப் பழக்கம் அதிகம் இல்லாத என் வயதுக்காரர்களும் பின்பற்றும்படி எழுதுகிறேன்.

எட்ட இருந்து ஆடுவது ஒன்றும் புதிய வழக்கமல்ல. மோர்ஸ் அமைத்த தந்திக் கம்பி வந்த அதே ஆண்டில், அதாவது 1844-இல், வாஷிங்டனிலும் பால்டிமோரிலும் இருந்தவர்கள் அதன் வழியே சதுரங்கம் ஆடினார்கள். 1970 ஜூனில் சோயூஸ் 9 விண்கலத்தில் இருந்த இரு வீரர்கள் பூமியில் இருந்தவர்களோடு ஒரு ஆட்டம் ஆடினார்கள். தபால் கார்டில் நகர்வு எழுதி அனுப்பி ஒரே ஆட்டத்தை மாதக்கணக்கில் ஆடியவர்கள் எத்தனையோ பேர். மைசூருக்கும் இந்தக் கலையில் பங்கு உண்டு. மும்மடி கிருஷ்ணராஜ உடையார் தொகுத்த ஸ்ரீதத்துவநிதியின் ஒன்பது பகுதிகளில் ஒன்றான கௌதுகநிதி விளையாட்டுகளுக்கென்றே அமைந்தது. தமிழர் பக்கம் பார்த்தால், பர்மாவில் பிறந்து 1961-இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆன மானுவேல் ஆரன் முதல், 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் பதினெட்டு வயதில் உலகப் பட்டம் வென்ற குகேஷ் வரை வரிசை நீளும். ஆகவே பேரனிடம் இந்த ஆட்டத்தைப் பற்றிப் பேச நமக்கு விஷயம் குறைவில்லை.

தனி ஆட்டம் என்றால் என்ன?

இணையத்தில் சதுரங்கம் ஆடும் தளத்தைத் திறந்து, 'ஆடு' என்று பொதுவாக அழுத்தினால், உலகின் எந்த மூலையிலோ உட்கார்ந்திருக்கும் முன்பின் தெரியாத ஒருவர் எதிரே வந்து அமர்வார். பெரியவர்களுக்கு அதில் கெடுதல் இல்லை. பத்து வயதுக் குழந்தைக்கு அது தேவையில்லை என்பது என் அபிப்பிராயம். தனி ஆட்டம் என்பது நாம் அழைத்தவர் மட்டுமே எதிரே வந்து அமரும் ஏற்பாடு.

இதை ரயில்வே முறையில் விளக்கினால் எளிதில் புரியும். ஒற்றைத் தடத்தில் இரண்டு ஸ்டேஷன்களுக்கு நடுவே ஒரு நேரத்தில் ஒரு வண்டிதான் போகலாம். அதற்காக நீல்ஸ் பால் டோக்கன் கருவி என்று ஒன்று வைத்திருந்தோம். இரு ஸ்டேஷன்களிலும் உள்ள கருவிகள் மின்சாரத்தால் பிணைக்கப்பட்டவை. ஒன்றிலிருந்து ஓர் இரும்பு உருண்டையை எடுத்துவிட்டால், அது திரும்ப உள்ளே போகும்வரை இரண்டிலிருந்தும் அடுத்த உருண்டை வராது. டிரைவர் கையில் அந்த உருண்டை இருந்தால்தான் வண்டி தடத்தில் நுழையலாம். தனி ஆட்டத்துக்கு நீங்கள் அனுப்பும் இணைப்பு முகவரி, அதாவது லிங்க், அந்த உருண்டை மாதிரிதான்.

ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. டோக்கனில் எந்தத் தடத்துக்கு உரியது என்று பொறித்திருக்கும்; டிரைவர் பார்த்துத்தான் வாங்குவார். லிங்க்கில் யார் பெயரும் கிடையாது. யார் முதலில் திறக்கிறாரோ அவரே எதிராளி. நாற்பது பேர் உள்ள குடும்ப வாட்ஸ்அப் குழுவில் அதைப் போட்டால், பேரனுக்கு முன் அவன் பெரியம்மா திறந்துவிடுவாள். ஆடுபவருக்குத் தனியாக அனுப்புங்கள்.

அமைக்கும் முறை

பல தளங்கள் இருந்தாலும் நான் சொல்வது லீசெஸ். திபோ துப்ளெசி என்ற பிரெஞ்சுக்காரர் 2010-இல் தொடங்கியது. கட்டணம் கிடையாது, விளம்பரம் கிடையாது. குழந்தை உட்காரும் இடத்தில் விளம்பரம் இல்லாதது எவ்வளவு நிம்மதி என்பது பெற்றோருக்குத் தெரியும். முகவரிப் பட்டையில் ஆங்கிலத்தில் எல், ஐ, சி, எச், ஈ, எஸ், எஸ் என்று இடைவெளியின்றி அடித்து, ஒரு புள்ளி வைத்து, ஓ, ஆர், ஜி என்று முடியுங்கள். கைப்பேசியில் செயலியாகவும் கிடைக்கும்.

முதல் பக்கத்திலேயே 'சேலஞ்ச் எ ஃப்ரெண்ட்' என்ற பொத்தான் இருக்கும். அதை அழுத்தினால் ஒரு சிறு பெட்டி திறக்கும். முதலில் ஆட்டவகை, 'ஸ்டாண்டர்ட்' என்றே இருக்கட்டும். அடுத்து நேரம், இதைப் பற்றிக் கீழே விரிவாகச் சொல்கிறேன். அதன் பின் 'ரேட்டட்', 'கேஷுவல்' என்று இரண்டு. வீட்டு ஆட்டத்துக்குக் கேஷுவல்தான் சரி. மதிப்பெண் ஏறி இறங்குவதில்லை என்பது ஒரு காரணம். வைத்த காயைத் திரும்ப எடுத்துக்கொள்ள எதிராளியிடம் அனுமதி கேட்கும் வசதி உண்டு என்பது மற்றொன்று. கடைசியில் வெள்ளையா கறுப்பா என்று தேர்ந்தெடுத்தால், திரையில் ஒரு நீண்ட முகவரியும் கட்டம் கட்டமான ஒரு க்யூஆர் படமும் வரும். முகவரியை நகலெடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்புங்கள். அவர் வரும்வரை அந்தப் பக்கத்தை மூடாமல் வைத்திருங்கள். அவர் தொட்டவுடன் பலகை விரியும். ஒரே அறையில் இருப்பவர் என்றால் க்யூஆர் படத்தைத் தன் கைப்பேசியில் பிடித்தாலே போதும்.

இப்படி ஒருமுறை ஆடக் கணக்கு எதுவும் தொடங்க வேண்டியதில்லை. அடிக்கடி ஆடுவதானால் இருவரும் கணக்கு வைத்துக்கொள்வது சௌகரியம். பிறகு பெயரைச் சொல்லி நேராக அழைக்கலாம், பழைய ஆட்டங்களும் சேர்ந்திருக்கும். குழந்தையின் கணக்குப் பெயரில் சொந்தப் பெயர், பள்ளி, ஊர், பிறந்த ஆண்டு எதுவும் வேண்டாம். அமைப்புகளில் 'கிட் மோட்' என்று ஒன்று உண்டு. அதை இயக்கினால் அரட்டை, தனிச் செய்தி உட்படத் தளத்தில் உள்ள பேச்சு வழிகள் அனைத்தும் அடைந்துவிடும். அரட்டை போய்விட்டால் எப்படிப் பேசுவது என்று கேட்கலாம். பேசுவதற்குத்தான் தொலைபேசி இருக்கிறதே!

இன்னொன்றையும் தெளிவாகச் சொல்ல வேண்டும். தனி ஆட்டம் என்பது இரகசிய ஆட்டம் அல்ல. எதிராளி யார் என்பது மட்டுமே நம் கட்டுப்பாட்டில் உள்ளது. ஆட்டத்தின் முகவரி தெரிந்த எவரும் பார்வையாளராக வந்து பார்க்கலாம். பலகையில் மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் பெற்றோர் இதைத் தெரிந்திருப்பது நல்லது.

நேரம்

குழந்தைகளுக்கு மூன்று நிமிட, ஐந்து நிமிட ஆட்டம்தான் பிடிக்கும். நமக்கு விரலும் கண்ணும் ஒத்துழைக்க வேண்டாமா? ஆளுக்கு முப்பது நிமிடம், ஒவ்வொரு நகர்வுக்கும் கூடுதலாக இருபது விநாடி என்று வைத்தால் இரு தரப்புக்கும் நியாயம். டொரான்டோவில் சனிக்கிழமை காலை ஏழு மணி என்றால் மேல்கோட்டையில் கோடையில் மாலை நாலரை. அங்கே குளிர்காலத்தில் கடிகாரத்தை மாற்றிவிடுவதால் ஐந்தரை.

ஆனால் எனக்கு மிகவும் பிடித்தது 'கரஸ்பாண்டன்ஸ்' என்ற பல நாள் ஆட்டம். ஒரு நகர்வுக்கு ஒரு நாள் முதல் பதினான்கு நாள் வரை தவணை கொடுக்கலாம். இதற்குக் கணக்கு வைத்துக்கொள்வதே நல்லது. அவன் பள்ளிக்குப் போகும் முன் ஒரு காயை நகர்த்துவான். மாலையில் நான் அதற்குப் பதில் நகர்த்திவிட்டுத் தூங்கப் போவேன். பழைய தபால் கார்டு ஆட்டம்தான், தபால்காரர் மட்டும் இல்லை. வேலை, படிப்பு, நேர வித்தியாசம் என்று ஒருவரையொருவர் பிடிக்கவே முடியாத குடும்பங்களுக்கு இதுவே ஏற்றது. வாரக் கடைசியில் தொலைபேசியில் பேசும்போது, "அந்த யானையை ஏன் அங்கே வைச்சேள் தாத்தா?" என்று அவன் தொடங்கிவிடுகிறான்.

மொழியும் பழைய விதிகளும்

நேருக்கு நேர் ஆடும் நாட்களில், தொலைபேசியை ஸ்பீக்கரில் போட்டுப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் ஒரு நிபந்தனை உண்டு: நகர்த்தும் காயின் பெயரைத் தமிழில் சொல்லிவிட்டுத்தான் நகர்த்த வேண்டும். ராஜா, ராணி, மந்திரி, குதிரை, யானை, சிப்பாய். ஆறு சொற்கள்தான். அதன் பின் வெட்டினேன், மாட்டிக்கொண்டாய், வழிவிடு, யோசிக்கிறேன், பொறு என்று வினைச்சொற்கள் தாமாக வரும். பாடப்புத்தகத்தில் பதிந்த தமிழைவிட இது நாக்கில் நிற்கிறது. கர்நாடகத்தில் வளரும் குழந்தைகளுக்கு ஒரு குழப்பம் வரும். நாம் மந்திரி என்பதைக் கன்னட நண்பர்கள் ஒண்டெ, அதாவது ஒட்டகம் என்பார்கள். அவர்கள் மந்திரி என்றால் நம் ராணி. முன்கூட்டியே சொல்லிவைத்தால் சண்டை இல்லை.

தாத்தாக்களுக்கும் ஒரு எச்சரிக்கை. நம்மில் பலர் திண்ணையில் கற்றது நாட்டு முறை. அதில் சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும். ராஜா ஒருமுறை குதிரைத் தாவல் தாவலாம். கோட்டை கட்டுதல் கிடையாது. இணையப் பலகை சர்வதேச விதியை மட்டுமே ஏற்கும். ராஜாவை எத்தனை முறை இழுத்தாலும் தாவாது. கைப்பேசி பழுது என்று நினைக்க வேண்டாம்.

இணைப்பு அறுந்தால்

ஆட்டத்தின் நடுவே இணைப்புப் போவது சகஜம். 2020 ஆகஸ்ட் 30 அன்று நடந்த இணையவழி ஒலிம்பியாட் இறுதிப் போட்டியிலேயே இது நடந்தது. உலகளாவிய இணையக் கோளாறால் இந்திய அணியின் நிஹால் சரினும் திவ்யா தேஷ்முக்கும் தொடர்பிழந்து நேரத்தில் தோற்றார்கள். முறையீட்டின் பின் இந்தியாவும் ரஷ்யாவும் கூட்டாகத் தங்கம் பெற்றன. ஆனந்த், பிரக்ஞானந்தா எல்லாம் இருந்த அணிக்கே அந்த நிலை என்றால் நமக்கென்ன! எதிராளி நெடுநேரம் காணாமற்போனால் வெற்றியையோ சமனையோ கோரலாம் என்று திரை கேட்கும். அதை அழுத்தாதீர்கள்; காத்திருங்கள். எதிராளியின் கடிகாரத்தில் பதினைந்து விநாடி சேர்த்துக் கொடுக்கும் பொத்தானும் பக்கத்திலேயே இருக்கிறது.

இயந்திரத்திடம் கேட்டு ஆடுவதைப் பற்றியும் குழந்தையிடம் பேசிவிட வேண்டும். 2021 ஜூனில் கொரோனா நிதிக்காக ஆனந்த் பல பிரமுகர்களோடு இணையத்தில் ஆடினார். அவரை வென்ற ஒரு தொழிலதிபர், கணிப்பொறியின் உதவியும் மற்றவர் உதவியும் பெற்றதாக மறுநாள் ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கேட்கும்படி ஆயிற்று. ஆட்டம் முடிந்த பின் இயந்திரத்தை வைத்து எங்கே தவறினோம் என்று இருவரும் சேர்ந்து பார்ப்பது வேறு. அது நல்ல பாடம், லீசெஸிலேயே அதற்கு வசதி உண்டு.

சதுரங்கம் பிடிக்காத வீடுகளில் லூடோ கிங்கில் நண்பர்களுக்கான அறை எண்ணும், மைன்கிராஃப்டில் அழைத்தவர் மட்டும் நுழையும் உலகமும் இதே தத்துவத்தில் அமைந்தவையே. பணம் கட்டி ஆடச் சொல்லும் எதையும் தொடாதீர்கள். இந்தியாவில் 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் அவ்வகை ஆட்டங்களைத் தடை செய்கிறது.

சங்கத்துக்கு ஒரு போட்டி

பொங்கலுக்கோ சித்திரைக்கோ சங்கக் குடும்பங்களுக்கென்று ஒரு போட்டி வைக்கவும் இதே தளத்தில் வழியுண்டு. கணக்கு உள்ள ஒருவர் 'அரினா' போட்டி ஒன்றை உருவாக்கி, கடவுச்சொல் வைத்துவிட்டால் வெளியார் சேர முடியாது. ஒரு மணி நேரம், ஆட்டத்துக்கு ஆளுக்குப் பத்து நிமிடம் என்று வைக்கலாம். வெற்றிக்கு இரண்டு புள்ளி, சமனுக்கு ஒன்று. தொடர்ந்து இரண்டு ஆட்டம் வென்றவருக்கு அடுத்ததிலிருந்து இரட்டிப்பு. ஜனவரியில் இந்திய நேரம் இரவு எட்டு என்று குறித்தால் லண்டனில் பிற்பகல் இரண்டரை, நியூயார்க்கில் காலை ஒன்பதரை, சிங்கப்பூரில் இரவு பத்தரை. சிங்கப்பூர்க் குழந்தைகள் தூங்கிவிடுவார்கள். அவர்களுக்காக ஒரு மணி நேரம் முன்னே தள்ளலாம். கடவுச்சொல்லை அரை மணி முன்பு மட்டும் அனுப்புங்கள். தாமதமாக வருபவர்களும் நடுவில் சேர்ந்து ஆடலாம்.