பெயரை முன்னால் கொண்டுவருகிறவள்: பி.ஆர். தொழில் பற்றி நாம் நம்பிக்கொண்டிருப்பவை

வல்லம் வடகால் சிப்காட்டில் ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்கள் வரிசையாகக் கிளம்பும் நேரம். டீக்கடை பெஞ்சில் ஒரு பெண்ணோடு பேசிக்கொண்டிருந்தேன். திருவண்ணாமலைப் பக்கத்துக் கிராமம், பி.காம். முடித்தவள், இங்கே ஹாஸ்டலில் தங்கி போன் ஆலையில் வேலை பார்க்கிறாள். நியூயார்க்கின் மெட் காலா விழாவுக்கு நம் ஊர் நடிகை ஒருவர் போன படத்தைப் போனில் காட்டினாள். "இவங்களுக்கு இதையெல்லாம் ஏற்பாடு பண்றது ஒரு பி.ஆர். அக்காவாம். அந்த வேலைக்கு எப்படிக்கா போறது? பெரிய இடத்துல பொறந்திருக்கணும், அழகா இருக்கணும், இங்கிலீஷ் பொளந்து கட்டணும், இல்ல?" என்றாள்.

அவள் கைக்குள் இருந்த அந்த விழாவையே தொடங்கிவைத்தவள், பி.ஆர். எனப்படும் மக்கள் தொடர்பு வேலை பார்த்த ஒரு பெண்தான். அவளிடமிருந்தே ஆரம்பித்தேன்.

"பெரிய இடத்தில் பிறந்தவர்களுக்குத்தான் இது"

எலினார் லாம்பர்ட் 1903இல் அமெரிக்காவின் இண்டியானா மாநிலத்தில் கிராஃபர்ட்ஸ்வில் என்ற சிற்றூரில் பிறந்தார். ஓவியம், சிற்பம் படித்தார். நியூயார்க்குக்கு வந்து, ஓவியர்களையும் சிற்பிகளையும் பற்றிப் பத்திரிகைகளுக்கு எழுதிக் கொடுப்பதையே பிழைப்பாக்கிக்கொண்டார். விட்னி அருங்காட்சியகத்தின் பத்திரிகைத் தொடர்புகளையும் கவனித்தார். உடை வடிவமைப்பாளர்களின் பக்கம் திரும்பியது அதற்குப் பிறகுதான்.

அன்று அமெரிக்காவில் தைத்த உடையில் கம்பெனியின் பெயரோ கடையின் பெயரோதான் இருக்கும். அதை யோசித்து, வரைந்து, வெட்டிக் கொடுத்தவர் பின்கட்டில் இருப்பார். அவரை வெளியே யாருக்கும் தெரியாது. ஃபேஷன் என்றால் பாரிஸ் என்று பத்திரிகைகள் எழுதிக்கொண்டிருந்தன. இரண்டாம் உலகப் போரில் பாரிஸ் ஜெர்மானியர் கைக்குப் போனதும் அந்த வழி அடைபட்டது. லாம்பர்ட் அந்த இடைவெளியைப் பார்த்தார். 1943இல் பத்திரிகையாளர்களை நியூயார்க்குக்கு அழைத்து, உள்ளூர் வடிவமைப்பாளர்களின் உடைகளை ஒரே வாரத்தில் காட்டினார். இன்றைய ஃபேஷன் வீக் நிகழ்ச்சிகளுக்கு வேர் அதுதான். 1948இல் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தின் உடைப் பிரிவுக்கு நிதி திரட்ட ஒரு நள்ளிரவு விருந்து ஏற்பாடு செய்தார். டிக்கெட் 50 டாலர். அந்த விருந்தே இன்று நாம் போனில் பார்க்கும் மெட் காலா. 1962இல் வடிவமைப்பாளர்களுக்கென்று ஒரு சங்கத்தைத் தொடங்கிவைத்தார். 1973இல் பிரான்சின் வெர்சாய் அரண்மனையைச் சீரமைக்க நிதி திரட்டிய நிகழ்ச்சியில், ஐந்து அமெரிக்க வடிவமைப்பாளர்களை ஐந்து பிரெஞ்சு ஜாம்பவான்களோடு ஒரே மேடையில் நிறுத்தினார். மேடையேறிய அமெரிக்க மாடல்களில் பலர் கறுப்பினப் பெண்கள். அந்த இரவில் கைதட்டலை அள்ளியது அமெரிக்க அணி. 2003இல், நூறு வயதில், அவர் இறந்தார்.

பின்கட்டில் இருந்த ஒருவரின் பெயரை முன்கட்டுக்குக் கொண்டுவருவதுதான் இந்தப் பெண்ணின் வாழ்நாள் வேலை. அழகோ பேச்சுத் திறமையோ அதில் இரண்டாம்பட்சம். யாரை எழுத வேண்டும், எந்த நேரத்தில் எழுத வேண்டும், அதை யார் படிப்பார்கள் என்ற கணக்கு பிடிபட வேண்டும்.

"இது வெள்ளைக்காரர்களின் தொழில், நமக்குப் புதுசு"

சினிமா போஸ்டரின் அடியில் பொடி எழுத்தில் "மக்கள் தொடர்பு" என்றொரு வரி இருக்கும். அந்த வரிக்கு அறுபது வயது தாண்டிவிட்டது. பத்திரிகைப் புகைப்படக்காரராக இருந்த பிலிம் நியூஸ் ஆனந்தன், எம்.ஜி.ஆர். தயாரித்து இயக்கிய 'நாடோடி மன்னன்' படத்துக்கு 1958இல் பி.ஆர்.ஓ. ஆனார். தமிழ் சினிமாவின் முதல் பி.ஆர்.ஓ. அவர்தான். செய்தியையும் ஸ்டில்களையும் பத்திரிகைகளுக்குக் கொண்டுசேர்ப்பது வேலை. ஆனால் அவர் அதோடு நிற்கவில்லை. வெளியான தமிழ்ப் படங்களின் விவரங்களையும் படங்களையும் பல பத்தாண்டுகள் விடாமல் சேர்த்துவைத்தார். 2016 மார்ச்சில் அவர் மறைந்தபோது, தமிழ் சினிமாவின் நடமாடும் தகவல் களஞ்சியம் போய்விட்டதாகவே எல்லோரும் பேசினார்கள். தகவலைச் சரியாக வைத்திருப்பவர் சொல்வதைத்தான் நிருபர் நம்புவார்; இந்தத் தொழிலின் முதல் பாடத்தை நமக்கு ஆனந்தன் எப்போதோ நடத்திக் காட்டிவிட்டார். நெடுங்காலம் ஆண்களின் பெயர்களே நிரம்பியிருந்த அந்தப் பொடி எழுத்து வரியில் இப்போது பெண்களின் பெயர்களும் வருகின்றன. டைட்டில் கார்டு ஓடும்போது தேடிப் பார், என்றேன்.

"காசு கொடுத்துச் செய்தி போடுவதுதான் பி.ஆர்."

காசு கொடுத்துப் போடுவது விளம்பரம். சொல்லத்தக்க ஒரு விஷயத்தை நிருபரிடம் சொல்லி, அவர் தானாகத் தீர்மானித்து எழுதினால் அது செய்தி. இரண்டையும் கலப்பது தவறு மட்டுமல்ல, சட்டத்திலும் மாட்டவைக்கும். பிரபலங்களும் சமூக ஊடகத்தில் பொருளைப் பரிந்துரைப்பவர்களும் பணமோ பரிசோ பெற்றிருந்தால், அது விளம்பரம் என்று வெளிப்படையாகப் போட வேண்டும் என்கிறது மத்திய அரசு 2023 ஜனவரியில் வெளியிட்ட வழிகாட்டுதல். தவறாக வழிநடத்தும் விளம்பரத்துக்கு முகம் கொடுத்தவருக்கு, 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி 10 லட்சம் ரூபாய் வரை அபராதம். மறுபடி செய்தால் 50 லட்சம் வரை. தன் நடிகையை அந்தக் குழியில் விழாமல் காப்பதும் பி.ஆர். அக்காவின் வேலைதான்.

"ஓயாமல் பேச வைப்பதுதான் திறமை"

ஹாலிவுட்டில் பேட் கிங்ஸ்லி என்ற பெண்மணி தன் பி.ஆர். நிறுவனத்தால் பத்திரிகை ஆசிரியர்களையே தவிக்கவிட்டவர். அவர் அதிகம் பயன்படுத்திய ஆயுதம் "முடியாது" என்ற சொல். டாம் குரூஸின் விளம்பரப் பொறுப்பைப் பல ஆண்டுகள் வைத்திருந்து, எந்தப் பேட்டி, எந்தக் கேள்வி, எந்த அட்டைப்படம் என்று வடிகட்டினார். 2004இல் குரூஸ் அவரை விலக்கிவிட்டுத் தன் சகோதரியிடம் பொறுப்பைக் கொடுத்தார். மறு ஆண்டு மே மாதம் ஓப்ராவின் டிவி நிகழ்ச்சியில் குரூஸ் சோபாமேல் ஏறிக் குதித்ததை உலகமே பேசித் தீர்த்தது. அந்த வடிகட்டியின் மதிப்பு அன்றுதான் பலருக்கும் புரிந்தது.

நம் ஊரில் அஜித் குமாரைப் பாருங்கள். 2011இல் ரசிகர் மன்றங்களைக் கலைத்தவர். பட விளம்பர மேடைகளில் அவரைக் காண முடியாது. 2021 டிசம்பர் முதல் தேதி, தன்னை 'தல' என்று அழைக்க வேண்டாம் என்று சில வரி அறிக்கை விட்டார். அது வந்தது அவருடைய மேனேஜர் வழியாக. அந்தச் சில வரிகளைத் தமிழ்நாடு முழுக்கப் படித்தது.

"எதையும் மூடி மறைத்துவிடலாம்"

இதைத்தான் நான் அதிக நேரம் பேசினேன். அதே 2021 டிசம்பர். இந்தத் தொழில்பேட்டைப் பக்கத்தில் ஃபாக்ஸ்கான் ஆலையில் வேலை பார்த்த பெண்கள் தங்கியிருந்த விடுதியில் உணவு நஞ்சானது. 159 பேர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். தோழிகள் எங்கே, எப்படி இருக்கிறார்கள் என்று தெளிவாகச் சொல்ல ஆளில்லை. சிலர் இறந்துவிட்டார்கள் என்ற வதந்தி வாட்ஸ்அப்பில் பரவியது. பெண்கள் சென்னை - பெங்களூரு நெடுஞ்சாலையில் உட்கார்ந்துவிட்டார்கள். இறந்ததாகச் சொல்லப்பட்டவர்கள் உயிரோடு இருக்கிறார்கள் என்று கண்ணுக்குக் காட்ட வேண்டியிருந்தது. ஆலை மூடப்பட்டு, ஜனவரி பாதியில்தான் மறுபடி திறந்தது.

வதந்தியைக் கிளப்பியவர்கள்மேல் கோபப்படுவது எளிது. எனக்கு அந்தப் பெண்களின் பயம்தான் பெரிதாகத் தெரிந்தது. உண்மையைச் சொல்ல வேண்டியவர் நேரத்துக்குச் சொல்லாவிட்டால், அந்த இடத்தில் வேறொரு கதை வந்து உட்கார்ந்துகொள்ளும். நெருக்கடியில் பி.ஆர். என்றால் முதல் மணி நேரத்திலேயே தெரிந்ததைத் தெரிந்தபடி சொல்வது. அதன் பிறகு, நடந்ததைச் சரிசெய்யச் சொல்லி முதலாளியிடம் வாதாடுவது. எந்த அறிக்கையாலும் கெட்டுப்போன சோற்றை நல்ல சோறாக்க முடியாது. இதே வல்லம் வடகாலில் 706.50 கோடி ரூபாய்ச் செலவில் சிப்காட் கட்டி, 2024 ஆகஸ்ட் 17 அன்று முதல்வர் திறந்துவைத்த, 18,720 பேர் தங்கக்கூடிய விடுதியைப் பற்றி வந்த செய்திகளுக்கு ஒரு கட்டடம் சாட்சியாக நின்றது. அந்தப் பலம் வெறும் அறிக்கைக்கு வராது.

பஸ் ஹாரன் அடித்தது. அவள் எழுந்துகொண்டே, "நான் எதுல ஆரம்பிக்கிறதுக்கா?" என்றாள்.

உன் லைனில் உன்னோடு நிற்கிற ஒருத்தியைப் பற்றி ஒரு பக்கம் எழுது, என்றேன். எந்த ஊர், என்ன படித்தாள், ஒரு நாளைக்கு அவள் கையில் எத்தனை போன் ஓடுகிறது, சம்பளத்தில் வீட்டுக்கு எவ்வளவு அனுப்புகிறாள் என்று எழுது. லாம்பர்ட் முதலில் ஓவியர்களுக்குச் செய்ததும் அதைத்தான்.

"அவ பேரைப் போடலாமா?"

"அவளைக் கேட்டுட்டுப் போடும்மா."